க்ரூஸுக்கு மஞ்சள் அட்டை கேட்ட பையன்

பிளஸ் டூவுக்குப் பிறகு பையனை எதில் சேர்ப்பது என்று யோசனை கேட்டுப் பள்ளத்தூரிலிருந்து வந்திருந்தார்கள். ஆச்சி, பிளஸ் டூ படிக்கும் மகன், ஸ்பீக்கரில் சிங்கப்பூர் அம்மான். காரைக்குடியில் கல்லுக்கட்டி பக்கத்தில் இருக்கும் என் அறையில் மூன்று நாற்காலிதான் உண்டு. அன்று மூன்றையும் சேர்த்து அம்மானின் குரலே நிறைத்திருந்தது. அதனால் முழுதாகப் பேச முடியவில்லை ஆச்சி. உங்கள் சம்மதத்தோடு, பெயர் போடாமல் இங்கே எழுதுகிறேன். இதே கவலையோடு இன்னும் பத்து வீடாவது இருக்கும்.

"பந்து பந்துன்னே கெடக்கான் தம்பி. அது சோறு போடுமா?" என்று கண்கலங்கினீர்கள். இந்த வயதில் எல்லாப் பிள்ளைகளும் இப்படித்தான், போகப் போகச் சரியாகிவிடும் என்று நானும் ஆறுதல் சொல்லத் தொடங்கினேன். அம்மான் ஒரு தொகையைச் சொன்னதும் நிறுத்திவிட்டேன். சென்னைக்கு அந்தப் பக்கம் ஒரு தனியார் பொறியியல் கல்லூரி, மேனேஜ்மென்ட் கோட்டாவில் கம்ப்யூட்டர் சயின்ஸ், டொனேஷனும் ஹாஸ்டலும் சேர்த்து நாலு வருஷத்துக்கு 14 லட்சம். பாதிக்கு நகையை வைப்பது, பாதிக்குப் பேங்க் லோன்.

செட்டிநாட்டு வீட்டுக்கு நான் வட்டிக்கணக்குச் சொல்வது கொல்லன் தெருவில் ஊசி விற்பது போலத்தான். இருந்தாலும் சொல்கிறேன். நகைக்கடனும் பேங்க் கடனும் கலந்து 11 சதவீதம் என்றே வைத்துக்கொள்வோம். 14 லட்சத்துக்கு வருஷ வட்டி 1,54,000. மாசத்துக்கு 12,800 சொச்சம். அசலில் ஒரு ரூபாய் குறையாமல், வட்டி மட்டும் இவ்வளவு. பையன் படிப்பை முடித்து முதல் வேலையில் 20,000 வாங்கினால் கைக்கு என்ன மிஞ்சும்? விரும்பிப் படிக்கிற பிள்ளைக்கு இந்தப் பாரம் ஏற்றினாலாவது ஒரு நியாயம் இருக்கிறது. கம்ப்யூட்டர் சயின்ஸில் உனக்கு என்ன பிடிக்கும் என்று நான் பையனைக் கேட்டேன். பதில் சொன்னது அம்மான்.

கட்ஆஃப், கவுன்சலிங், எந்தக் கல்லூரியில் எந்தப் பிரிவு என்றெல்லாம் நான் எழுதப்போவதில்லை. அதைச் சொல்ல ஊரில் ஆயிரம் பேர் இருக்கிறார்கள். நான் பிடித்துக்கொண்டது வேறொன்றை.

அவன் போன் திரையில் டோனி க்ரூஸ் படம். ஜெர்மனிக் கால்பந்து அணியின் மிட்ஃபீல்டர், அதாவது நடுக்கள ஆட்டக்காரர். 114 சர்வதேச ஆட்டம், 2014 உலகக் கோப்பை, ஆறு சாம்பியன்ஸ் லீக். 2024 ஜூலை 5, ஸ்டுட்கார்ட்டில் நடந்த யூரோ (ஐரோப்பிய நாடுகளின் கோப்பை) கால் இறுதியில் ஸ்பெயினிடம் 2-1 என்று தோற்று, 34 வயதில் காலணியைக் கழற்றிவிட்டார். அந்த ஆட்டத்தில்தான் ஜெர்மனி அடித்த பந்து ஸ்பெயின் வீரர் குகுரேயாவின் கையில் பட்டும், நடுவர் ஆன்டனி டெய்லர் பெனால்ட்டி கொடுக்கவில்லை. உலகமே கத்தியது.

"உன் ஆளை ஏமாத்திட்டாங்களேப்பா" என்று சும்மா கிண்டிப் பார்த்தேன். பையன் நிமிர்ந்து உட்கார்ந்தான். "அது பெனால்ட்டிதான் சார், பின்னாடி ஐரோப்பியக் கால்பந்துச் சங்கம் யூஇஎஃப்ஏவே சொல்லிருச்சு. ஆனா கை கீழே இறங்கிக்கிட்டு இருந்துச்சு, அவர் ஏன் குடுக்கலைன்னு எனக்குப் புரியுது." கொஞ்சம் நிறுத்திவிட்டு, "அதை விடுங்க சார், ஆரம்பத்துலயே ஸ்பெயின் வீரர் பெட்ரியை இடிச்சதுக்கு க்ரூஸுக்கு மஞ்சள் அட்டை குடுத்திருக்கணும். பெட்ரி எட்டாவது நிமிஷமே வெளிய போயிட்டாரு."

இத்தனை வருஷத்தில் என் முன்னால் உட்கார்ந்து தன் நாயகனுக்கே தண்டனை கேட்ட ரசிகன் இவன் ஒருவன்தான். அதற்கப்புறம்தான் நீங்கள் போகிற போக்கில், ஏதோ குறை சொல்வது போல, அந்த விஷயத்தைச் சொன்னீர்கள்: "சின்னப் பசங்க வெளையாண்டாக்கூட விசிலை எடுத்துக்கிட்டுப் போயிடறான்." ஆச்சி, எனக்கு வேண்டிய சேதியே அதுதான். உங்கள் மகன் கால்பந்து நடுவராகப் பார்க்கலாம்.

முதலில் தம்பிக்கு ஒரு வார்த்தை, வருத்தப்பட்டாலும் பரவாயில்லை. நீ க்ரூஸ் ஆக முடியாது. அவருடைய அப்பாவே இளையோர் அணிப் பயிற்சியாளர். 16 வயதில் அவர் பேயர்ன் மியூனிக் அகாடமிக்குள் போய்விட்டார். உனக்கு இப்போது 17, பள்ளி அணியில் ஆடுகிறாய். ஆடு, கல்லூரி அணியிலும் ஆடு. ஆனால் வீட்டுச் சாப்பாட்டை அதன் மேல் பந்தயம் கட்டாதே. க்ரூஸுக்கே 34இல் முடிந்துபோகிற வேலை அது.

நடுவர் வேலை முடிகிற கதை அப்படியில்லை, தொடங்குகிற கதையும் அப்படியில்லை. உலகக் கால்பந்து அமைப்பான ஃபிஃபாவின் சர்வதேச நடுவர் பட்டியலில் சேர நடுவருக்குக் குறைந்தது 25 வயதாக வேண்டும், துணை நடுவருக்கு 23. வீரனாகப் பார்த்தால் தாமதமாகிப்போன பையனுக்கு, நடுவராகப் பார்த்தால் எட்டு வருஷம் கையில் இருக்கிறது.

மிட்ஃபீல்டில் ஆடியவனுக்கு இதில் பாதி வேலை முடிந்த மாதிரி. ஒரு ஆட்டத்தில் நடுவர் ஓடுவதும் மிட்ஃபீல்டர் ஓடுவதும் ஏறக்குறைய ஒரே தூரம், பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர். பந்தின் பின்னாலேயே ஓடினால் நடுவர் கெட்டார். மைதானத்தின் ஒரு மூலையிலிருந்து எதிர் மூலைக்குக் கோணலாக ஓடி, பந்தைத் தனக்கும் கோட்டருகே நிற்கும் துணை நடுவருக்கும் நடுவில் வைத்துக்கொள்ள வேண்டும். பந்து வருமுன் இடம் பார்த்து நிற்கிற பழக்கம் மிட்ஃபீல்டருக்கு ரத்தத்தில் இருக்கும்.

படிக்க வேண்டியது 17 விதிகள். நம்பரைக் கேட்டு ஏமாற வேண்டாம். த்ரோ-இன்னிலிருந்து (வெளியே போன பந்தைக் கையால் உள்ளே எறிவது) நேராகப் பந்தை வாங்கினால் ஆஃப்சைடு என்ற தப்பு இல்லை என்பது எத்தனை பேருக்குத் தெரியும்? உங்கள் மகனுக்குத் தெரியும், கேட்டுப் பார்த்துவிட்டேன். மாவட்டக் கால்பந்துக் கழகம் வழியாக நடுவர் தேர்வு எழுத வேண்டும், பிறகு மாநிலம், அதன் பிறகு தேசியம். எடுத்ததும் நடுவில் நிற்க விடமாட்டார்கள், முதலில் துணை நடுவராகக் கொடிதான். உடல்தகுதித் தேர்வு சாதாரணமில்லை. சர்வதேச அளவில் ஆண் நடுவர் 40 மீட்டரை ஆறு முறை, ஒவ்வொன்றும் ஆறு விநாடிக்குள் ஓட வேண்டும். அது முடிந்ததும் 75 மீட்டரை 15 விநாடியில் ஓடி, 25 மீட்டரை 18 விநாடியில் நடக்க வேண்டும். இப்படி நாற்பது தடவை.

இந்தியா கால்பந்து உலகக் கோப்பையில் இதுவரை ஒரு ஆட்டம்கூட ஆடியதில்லை. ஆனால் 2002 உலகக் கோப்பையில் நம் தமிழ்நாட்டுக்காரர் கோமளீஸ்வரன் சங்கர் துணை நடுவராகக் கொடி பிடித்தார். பக்கத்துத் திண்டுக்கல்லில் ஆட்டக்காரியாக இருந்த ரூபா தேவி 2016இல் ஃபிஃபா நடுவரானார். நம் ஊர்ப்பக்கம் இவர்கள் பெயரைச் சொன்னால் யார் என்று கேட்கிறார்கள். கிரிக்கெட் அம்பயர் பெயர் மட்டும் எல்லோருக்கும் தெரிகிறது.

இப்போது காசு. விசில், இரண்டு அட்டை, வாட்ச், சீருடை, ஷூ எல்லாம் சேர்த்தாலும் நீங்கள் சொன்ன ஹாஸ்டல் அட்வான்ஸில் ஒரு மூலைக்கு வராது. ஆனால் வருமானமும் தொடக்கத்தில் அப்படித்தான். ஆட்டத்துக்கு இவ்வளவு என்று தருவதில் குடும்பம் நடக்காது. நடுவர்களில் பெரும்பாலோர் வேறொரு வேலையும் பார்ப்பவர்கள். ஆகவே பட்டப்படிப்பு கட்டாயம், தம்பி. அதில் நான் இறங்கி வரமாட்டேன். வீட்டிலிருந்து பஸ்ஸில் போய்வரும் தூரத்தில், 1947இல் தொடங்கிய அழகப்பா அரசு கலைக் கல்லூரி இருக்கிறது. "அரசுக் கல்லூரியா?" என்று அம்மான் இழுத்ததைக் கேட்டேன். இழுக்கட்டும். அங்கே மூன்று வருஷம் படித்துக்கொண்டே கல்லூரி அணியில் ஆடலாம், நடுவர் தேர்வும் எழுதலாம். அதன்பின் இதே காரைக்குடியில் அழகப்பா பல்கலைக்கழகத்தின் உடற்கல்வியியல் கல்லூரியில் இரண்டு வருஷ பி.பி.எட். உடற்கல்வி ஆசிரியர் பணியிடம் வருஷா வருஷம் வராது, அதையும் தெரிந்தே இறங்க வேண்டும்.

இன்னொன்றையும் மறைக்கமாட்டேன். கோயில் திருவிழா எழுவர் ஆட்டத்தில் நடுவருக்குக் கிடைக்கும் வசவை உங்கள் காதால் கேட்க முடியாது. அதைத் தாங்குவானா என்பது அவனுக்கே இன்னும் தெரியாது. பிளஸ் டூ பரீட்சை முடிந்த பிறகு ஒரு கோடை முழுக்க ஊர் ஆட்டங்களில் விசில் ஊதட்டும். பிடிக்கவில்லை என்று வந்தால் பட்டப்படிப்பு கையில் இருக்கிறது, கடன் தலையில் இல்லை. விதிப் புத்தகத்தைக் காசு கொடுத்து வாங்க வேண்டாம். விதிகளை வகுக்கும் ஐஎஃப்ஏபி அதை இணையத்தில் இலவசமாகவே வைத்திருக்கிறது.

வருகிற 15ஆம் தேதிக்குள் அட்வான்ஸ் கட்டினால்தான் சீட் நிற்கும் என்று கல்லூரியில் சொன்னதாகச் சொன்னீர்கள். கட்டாதீர்கள். அம்மான் கோபித்துக்கொண்டால் என் நம்பரைக் கொடுங்கள். ராத்திரி எட்டு மணிக்கு மேல் எனக்கு வேலை இல்லை, அவர் பேசட்டும். ஞாயிற்றுக்கிழமை சின்னப் பசங்க ஆட்டத்துக்குத் தம்பி விசில் எடுத்துக்கொண்டு கிளம்பும்போது நீங்களும் போங்கள் ஆச்சி. பந்தைப் பார்க்க வேண்டாம், அவனை மட்டும் பாருங்கள்.