நேட்டால் மலைப்பாதையில் ஒரு சொகுசுப் பயணம் – கடிதம்

அன்புள்ள ஐயா,

வணக்கம். நான் தென்னாப்பிரிக்காவில், டர்பன் நகரின் சாட்ஸ்வொர்த்தில் வசிக்கும் ஓய்வுபெற்ற ஆசிரியை. சனிக்கிழமை வகுப்பில் படித்த தமிழை வைத்துக்கொண்டு உங்கள் கட்டுரைகளை நிதானமாகப் படித்துவருகிறேன்.

வரும் செப்டம்பர் கடைசியில் எங்களுக்குத் திருமணமாகி நாற்பது ஆண்டுகள் நிறைகின்றன. ஜோகன்னஸ்பர்க்கில் வேலை பார்க்கும் மகன், எங்கள் இருவரையும் சொகுசு ரயிலில் அனுப்பியே தீருவேன் என்று நிற்கிறான். பிரிட்டோரியாவிலிருந்து கேப் டவுனுக்குப் போவதைத்தான் அவன் பார்த்துவைத்திருக்கிறான். டர்பனிலிருந்து பிரிட்டோரியாவுக்கும் அப்படி ஒன்று உண்டாம். படங்களைக் காட்டினான். பலகை அடித்த அறை, வெள்ளை விரிப்பு, ஓடும் ரயிலுக்குள் குளியல் தொட்டி. ஆசையாகத்தான் இருந்தது. ஆனால் அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

என் தாத்தா 1907இல் சென்னையில் கப்பலேறி வந்த ஒப்பந்தக் கூலி. நேட்டால் ரயில்வேக்குத்தான் எழுதிக்கொடுத்தார்கள். அப்பாவும் அதே பாதை வேலைதான் செய்தார். டர்பன் ரயில்வே பாரக்ஸில், அதாவது தொழிலாளர் குடியிருப்பில்தான் நான் பிறந்தேன். அப்பா கடைசிவரை மூன்றாம் வகுப்பைத் தவிர வேறு பெட்டியில் ஏறியதில்லை. தாத்தா போட்ட தண்டவாளத்தின் மேல் வெள்ளிக் கரண்டியோடு உட்கார்ந்து போவது அவருக்குச் செய்யும் அவமரியாதை என்று தோன்றுகிறது. என் கணவர் "நீ வராவிட்டால் நானும் போகமாட்டேன்" என்கிறார். போகலாமா? போவதென்றால் எந்தப் பாதை? இன்னொன்று, மகன் சொல்லும் தேதி புரட்டாசியில் வருகிறது. நாங்கள் அந்த மாதம் முழுவதும் சைவம்.

ஒரு வாசகி, சாட்ஸ்வொர்த்

அன்புள்ள அம்மா,

போய்வாருங்கள். கேப் டவுனுக்கு வேண்டாம். டர்பனில் ஏறுங்கள், மலையேறிப் பிரிட்டோரியாவில் இறங்குங்கள். மகன் அங்கே வந்து அழைத்துக்கொள்ளட்டும். புரட்டாசியில் போகாதீர்கள். இனி என் காரணங்களைச் சொல்கிறேன்.

முதலில் உங்கள் தாத்தா. அவர் 1907இல் வந்தார் என்று எழுதியிருக்கிறீர்கள். அப்படியானால் அந்தப் பாதையை அவர் போட்டிருக்க முடியாது. டர்பன் சந்தையிலிருந்து துறைமுக முனைக்கு முதல் ரயில் ஓடியது 1860 ஜூன் 26 அன்று. சென்னையிலிருந்து நம் முதல் கூட்டத்தை ஏற்றிவந்த ட்ரூரோ கப்பல் அதே ஆண்டு நவம்பர் 16இல் வந்து சேர்ந்தது. பாதை 1880இல் பீட்டர்மாரிட்ஸ்பர்க்கைத் தொட்டது, 1886இல் லேடிஸ்மித், 1891இல் நேட்டாலுக்கும் டிரான்ஸ்வாலுக்கும் இடையே உள்ள எல்லை ஊரான சார்ல்ஸ்டவுன். 1895இல் ஜோகன்னஸ்பர்க்கோடு இணைந்துவிட்டது. தாத்தா கப்பலிலிருந்து இறங்கும்போது அவருக்கு முன் வந்தவர்கள் மலையைக் கடந்து போய்விட்டார்கள்.

அதனால் அவர் பங்கு குறைந்துவிடவில்லை. பாதை போடுவது ஒரு முறை செய்யும் வேலை, அதைக் காப்பதோ தினமும் செய்யும் வேலை. நேட்டாலின் கோடை மழையில் பாதையில் கொட்டிய சல்லி சரியும், தண்டவாளத்தைத் தாங்கும் கட்டையின் அடியில் பள்ளம் விழும். அந்தப் பக்கம் தண்டவாளம் ஒரு விரல் இறங்கினால் போதும், வளைவில் வரும் ரயில் குலுங்கும். இரண்டு பேர் எதிரும் புதிருமாக நின்று, இரும்பு முனையுள்ள கருவியால் சல்லியைக் கட்டைக்கு அடியில் குத்திக் குத்தி இறுக்குவார்கள். மேஸ்திரி நாற்பது ஐம்பது அடி தள்ளி மண்டியிட்டு, கன்னம் தண்டவாளத்தில் படும்படி குனிந்து, ஒரு கண்ணை மூடிக்கொண்டு பார்ப்பார். கையை உயர்த்தினால் இன்னும் குத்த வேண்டும், வீசினால் அடுத்த கட்டைக்குப் போக வேண்டும். நாள் முழுவதும் இதுதான். ஒப்பந்தக் கூலிக்கு முதல் ஆண்டு மாதம் 10 ஷில்லிங், பிறகு ஆண்டுக்கு ஒரு ஷில்லிங் கூட்டி ஐந்தாம் ஆண்டில் 14. உங்கள் அப்பாவும் இதே வேலையைத்தான் செய்தார் என்றால், ஒரே குடும்பத்தில் இரண்டு தலைமுறை அந்தத் தண்டவாளத்தை மட்டம் பிசகாமல் வைத்திருந்திருக்கிறது. அதன் மேல் படுத்துத் தூங்குவதற்கு உங்களைவிட உரிமை உள்ளவர் யார்?

அவமரியாதை என்று எழுதியிருக்கிறீர்கள். அதை நான் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. ஆனால் நம் ஆட்களை அந்த மலைமேல் அந்த ரயில் எப்படியெல்லாம் கொண்டுபோனது என்று யோசித்துப் பாருங்கள். காந்தியை 1893 ஜூன் 7 இரவு பீட்டர்மாரிட்ஸ்பர்க்கில் முதல் வகுப்பிலிருந்து இறக்கிவிட்ட கதை எல்லோருக்கும் தெரியும். அவர் வந்ததும் டர்பனிலிருந்துதான், போகவேண்டியிருந்ததும் பிரிட்டோரியாவுக்குத்தான். நீங்கள் போகப்போகிற அதே வழி. அந்த நிலையத்தில் சுற்றுலாப் பயணிகள் எல்லோரும் படம் எடுக்கிறார்கள். நான் பேச விரும்புவது அதற்கு மேலே, வடக்கே உள்ள எல்லையைப் பற்றி.

1913 அக்டோபரில் டிரான்ஸ்வாலிலிருந்து 11 பெண்கள் அனுமதிச் சீட்டு இல்லாமல் நேட்டாலுக்குள் வந்தார்கள். பெரும்பாலோர் தமிழ்ப் பெண்கள், சிலர் கைக்குழந்தையோடு. நியூகாசில் நிலக்கரிச் சுரங்கங்களுக்குப் போய், ஒப்பந்தம் முடிந்தவர்கள்மீது போட்ட மூன்று பவுண்டு தலைவரியைப் பற்றித் தொழிலாளர்களிடம் பேசினார்கள். சுரங்கங்கள் நின்றன. பெண்களுக்கு மூன்று மாதம் கடுங்காவல், பீட்டர்மாரிட்ஸ்பர்க் சிறையில். பின்னால் போன குழுவில்தான் தில்லையாடி வள்ளியம்மை இருந்தாள். அதே சிறையிலிருந்து நோயோடு வெளியே வந்து, 1914 பிப்ரவரி 22இல் இறந்தாள். வயது 16.

வேலைநிறுத்தம் செய்தவர்கள் சார்ல்ஸ்டவுனில் கூடி, நவம்பர் 6 அன்று எல்லையைக் கடந்து டிரான்ஸ்வால் பக்கத்து வால்க்ஸ்ரஸ்டுக்குள் நடந்தார்கள். 2,037 ஆண்கள், 127 பெண்கள், 57 குழந்தைகள். பகலில் ரொட்டியும் கொஞ்சம் சர்க்கரையும், இரவில் புல்வெளியில் படுக்கை. நான்கு நாள் நடந்து பால்ஃபருக்கு வந்தபோது அங்கே மூன்று சிறப்பு ரயில்கள் தயாராக நின்றன. அத்தனை பேரையும் ஏற்றி, வந்த வழியே நேட்டாலுக்குத் திருப்பி அனுப்பினார்கள். சுரங்கங்களின் குடியிருப்புகளையே சிறையாக அறிவித்து, அவர்களை அதற்குள் அடைத்தார்கள். மலையைக் காலால் ஏறி, ரயிலில் கைதிகளாக இறங்கினார்கள். மறு ஆண்டு தலைவரி ஒழிந்தது. எல்லைக் கட்டுப்பாடு ஒழியவில்லை. நேட்டாலிலிருந்து டிரான்ஸ்வாலுக்குப் போக இந்தியர்களுக்கு அனுமதி வேண்டும் என்ற விதி 1975 வரை இருந்தது. உங்கள் அப்பா மூன்றாம் வகுப்பைத் தாண்டாததற்கு அவர் மனம் காரணமில்லை, பணம் மட்டுமே காரணமும் இல்லை. எந்த இருக்கை யாருக்கு என்பதைச் சட்டம் எழுதிவைத்திருந்தது.

அந்த எல்லையை உங்கள் பெயரில் வாங்கிய டிக்கெட்டோடு, கணவர் பக்கத்தில் இருக்க, யாரிடமும் எதையும் நீட்டிக் காட்டாமல் நீங்கள் கடக்கப்போகிறீர்கள். இதில் தாத்தாவுக்கு என்ன குறை?

டிக்கெட் விலை அதிகம்தான். கடன் வாங்கிப் போகிறவராக இருந்தால் வேண்டாம் என்றே எழுதியிருப்பேன். கொடுப்பது மகன், அவன் மனம் நிறைந்து கொடுக்கிறான். வாங்கிக்கொள்ளுங்கள்.

கேப் பாதையை ஏன் வேண்டாம் என்கிறேன்? அதில் ப்ளூ டிரெயின், ரோவோஸ் என்ற இரண்டு சொகுசு ரயில்களும் ஓடுகின்றன. சுமார் 1,600 கிலோமீட்டர். அழகில் குறையில்லை. கரூ வறண்ட நிலத்தைத் தாண்டி ஹெக்ஸ் ரிவர் பள்ளத்தாக்கின் திராட்சைத் தோட்டங்களுக்குள் இறங்கும் இடம் மிக அழகு. ஆனால் மலையைப் பார்க்க ஆசைப்படுகிறவருக்கு அங்கே ஒரு ஏமாற்றம் காத்திருக்கிறது. முன்பு ரயில் அந்தக் கணவாயில் 40 அடிக்கு ஓர் அடி என்ற சரிவில் சுற்றிச் சுற்றி ஏறியது. 1989இல் சுரங்கங்கள் திறந்ததும் அந்தப் பாதை கைவிடப்பட்டது. மிக நீளமான சுரங்கம் 13.5 கிலோமீட்டர். சரக்கு ரயில்களுக்கு அது பெரிய வரம், ஜன்னலோரம் உட்கார்ந்தவருக்கு நீண்ட இருட்டு. கரூவிலோ உங்களுக்கு ஓர் ஊர் பெயர்கூடத் தெரியாது. நேட்டால் பாதையில் ஒவ்வொரு நிலையப் பெயரும் உங்கள் வீட்டில் யாரோ உச்சரித்த பெயராக இருக்கும்.

டர்பன் பாதையில் ஓடுவது ரோவோஸ். கேப் பாதையைப் போல அடிக்கடி ஓடுவதில்லை, அதனால் தேதியை முன்கூட்டியே விசாரியுங்கள். அந்த ரயில் அவசரப்படாது. வேகத்தை மணிக்கு 60 கிலோமீட்டருக்குள் வைத்துக்கொள்கிறார்கள். அறையின் ஜன்னலைத் திறக்கலாம். கடைசிப் பெட்டியின் பின்பக்கம் திறந்த பால்கனி இருக்கிறது, அங்கே போய் நில்லுங்கள். கடந்து வந்த தண்டவாளம் உங்கள் காலடியிலிருந்து பின்னால் விரிந்து போகும். சல்லி எப்படி அடுக்கியிருக்கிறது, வளைவில் வெளிப்பக்கத் தண்டவாளம் எவ்வளவு உயர்த்தி வைக்கப்பட்டிருக்கிறது என்பதெல்லாம் அங்கிருந்துதான் தெரியும். இந்த நாட்டின் தண்டவாள இடைவெளி 1,067 மில்லிமீட்டர்தான், இந்தியாவின் அகலப் பாதை 1,676. பாதை குறுகலாக இருந்தால் மலையில் இறுக்கமாக வளைக்கலாம், செலவும் குறையும். டர்பனின் முதல் பாதை இதைவிட அகலமாகத்தான் இருந்தது. உள்நாட்டு மலைகளை நோக்கிப் போக முடிவெடுத்தபோதுதான் குறுகலாக்கினார்கள். வளைவுகளில் முன்னால் போகும் என்ஜின் உங்கள் ஜன்னலில் தெரிவது இதனால்தான்.

முக்கியமான ஒன்று. வடக்கே போகும்போது டிராகன்ஸ்பர்க் மலைத்தொடர் இடது பக்கம் வரும். பெட்டியில் அறைகள் ஒரு பக்கமும் நடைபாதை மறுபக்கமுமாக இருக்கும். உங்கள் அறை எந்தப் பக்கம் என்று பதிவு செய்யும்போதே மகனைக் கேட்கச் சொல்லுங்கள். வலப்பக்க அறையாக இருந்தால் மூய் ரிவர், எஸ்ட்கோர்ட் பகுதியில் நடைபாதை ஜன்னலுக்கு வந்துவிடுங்கள். குளிர்காலத்தில் வானம் தெளிந்திருந்தால் 3,000 மீட்டரைத் தாண்டிய உச்சிகள் பனியோடு தெரியும். கோடையில் புல் பச்சையாக இருக்கும், ஆனால் மதியத்துக்கு மேல் மேகம் மலையை மூடிவிடும். எனக்குப் பிடித்தது பழுப்புப் புல்லும் வெள்ளை உச்சியுமாக இருக்கும் ஜூன் மாதம்தான்.

நியூகாசிலைத் தாண்டியதும் ரயில் சரிவேறும். இடப்பக்கம் மஜூபா மலை, பிறகு லாயிங்ஸ் நெக் சுரங்கம், அதைக் கடந்தால் சார்ல்ஸ்டவுன், அடுத்தது வால்க்ஸ்ரஸ்ட். அந்த இடம் எத்தனை மணிக்கு வரும் என்று பணியாளரிடம் முதல் நாளே கேட்டுவையுங்கள். நள்ளிரவு என்றாலும் எழுப்பச் சொல்லுங்கள். கோலென்ஸோ, லேடிஸ்மித் பக்கம் ஆங்கிலேயருக்கும் டச்சு வழிவந்த போயர்களுக்கும் நடந்த போயர் போரைப் பற்றி யாராவது பேசினால், படைத்தலைவர்களின் கதையோடு நிறுத்த விடாதீர்கள். 1899, 1900 போர்க்களங்களில் காயம்பட்டவர்களை டோலியில் சுமந்தவர்கள் சுமார் 1,100 இந்தியர்கள். அதில் பெரும்பாலோர் ஒப்பந்தக் கூலிகள். அவர்களைப் பற்றிக் கேளுங்கள். நீங்கள் ஆசிரியை, கேள்வி கேட்கத் தயங்கமாட்டீர்கள்.

இரவு உணவுக்கு ஆண்கள் கோட்டும் டையும் அணிய வேண்டும். நீங்கள் பட்டுப்புடவை கட்டுங்கள், அந்த மேஜையில் அதைவிட எடுப்பான உடை இருக்காது. சாப்பாட்டில் மான் இறைச்சியும் ஆட்டிறைச்சியும் அடிக்கடி வரும். சைவம் என்று முன்பே எழுதிக்கொடுத்தால் தனியாகச் செய்துதருவார்கள். ஆனால் சமையலறை ஒன்றுதான், பாத்திரமும் ஒன்றாகத்தான் இருக்கும். வெறுமனே இறைச்சியைத் தவிர்ப்பவருக்கு அது போதும். புரட்டாசி விரதத்தை வீட்டில் பாத்திரம் பிரித்து வைத்துக் கடைப்பிடிக்கிறவருக்குப் போதாது. ஒவ்வொரு வேளையும் தட்டைப் பார்த்து மனம் சஞ்சலப்பட்டுக்கொண்டு எதற்குப் போகவேண்டும்? செப்டம்பர் கடைசி வேண்டாம். ஆடி பிறந்துவிட்டால் கோயிலில் கூழ் வார்ப்பதில் நீங்கள் ஓய்வில்லாமல் இருப்பீர்கள், அதனால் ஆனியில் போங்கள். திருமண நாளன்றே போயாக வேண்டும் என்று யாரும் சொல்லவில்லை.

போவதற்கு முன் ஒரு வேலை இருக்கிறது. ஒப்பந்தக் கூலிகளாக வந்த 1,52,184 பேரின் விவரமும் கப்பல் பட்டியல்களில் இருக்கிறது. ஒவ்வொருவருக்கும் ஓர் எண், தந்தை பெயர், வயது, மாவட்டம், தாலுகா, கிராமம், உடம்பில் உள்ள அடையாளம், யாரிடம் வேலைக்கு அனுப்பினார்கள் என்ற குறிப்பு. டர்பன் ஆவணக் காப்பகத்தில் கேட்டுப் பாருங்கள். 1907 என்ற ஆண்டும் ரயில்வே என்ற தகவலும் கையில் இருப்பதால் தாத்தாவைக் கண்டுபிடிப்பது கடினமாக இராது. கிராமத்தின் பெயர் கிடைத்தால் எனக்கு எழுதுங்கள், அது தமிழ்நாட்டில் இன்று எந்த மாவட்டத்தில் வருகிறது என்று பார்த்துச் சொல்கிறேன். மகனிடம் தேதியை மாற்றச் சொல்லிவிடுங்கள். உங்கள் இருவருக்கும் என் வாழ்த்துகள்.