கனடா மருந்துச் சீட்டு களியக்காவிளையைத் தாண்டாது

கேள்வி: தக்கலை அருகே வசிக்கிறேன். வயது 47. பதினோரு ஆண்டுகளாகத் தினமும் காலையில் ஓடுகிறேன். பரிசுக்காக அல்ல, மன நிம்மதிக்காக. இரண்டு ஆண்டுகளுக்கு முன் பைக் விபத்தில் அடிபட்டதிலிருந்து இடுப்பு முதல் பாதம் வரை நரம்பு வலி. சென்ற ஆண்டு டொரண்டோவில் மைத்துனர் வீட்டில் நான்கு மாதம் தங்கியபோது, அங்குள்ள டாக்டர் கஞ்சா எண்ணெய் எழுதிக் கொடுத்தார். வலி பாதியாகக் குறைந்தது. திரும்பும்போது ஒரு பாட்டில் கொண்டு வந்தேன். மறுபடியும் பத்து கிலோமீட்டர் ஓட முடிந்தது. எங்கள் ஓட்டக் குழுவில் இதை நல்லெண்ணத்தோடு சொன்னேன். முழங்கால் வலியால் துடித்த நண்பர் ஒருவருக்குச் சில சொட்டுகள் கொடுத்தேன். மறுநாள் குழு நிர்வாகி, என்னைக் ‘கஞ்சா பார்ட்டி’ என்று வாட்ஸ்அப்பில் எழுதிக் குழுவிலிருந்து நீக்கிவிட்டார். நான் கட்டிய 1,800 ரூபாயையும் தரவில்லை. அவர்மீது மானநஷ்ட வழக்குப் போட வேண்டும். மேலும், மைத்துனர் நான்கு பாட்டில்கள் பார்சலில் அனுப்புவதாகச் சொல்கிறார். மருந்துச் சீட்டு இருப்பதால் சிக்கல் வராதல்லவா? ஐ.நா.வே 2020-இல் கஞ்சாவின் மருத்துவப் பயனை ஏற்றுக்கொண்டதே? ஓட்டப் போட்டிகளின் ஊக்கமருந்து விதிகள் இதைப் பற்றி என்ன சொல்கின்றன?

பதில்: உங்கள் கடிதம் ஐந்து பக்கம். அதில் நான்கு பக்கம் நிர்வாகியைப் பற்றியது. எனக்கு அதில் முக்கியமாகப் பட்டவை இரண்டே வாக்கியங்கள். ‘ஒரு பாட்டில் கொண்டு வந்தேன்’ என்பது ஒன்று. ‘நண்பருக்குச் சில சொட்டுகள் கொடுத்தேன்’ என்பது மற்றொன்று. அவமானம், பதினோரு ஆண்டு நட்பு, 1,800 ரூபாய் எல்லாவற்றையும் ஓரமாக வையுங்கள். நீங்கள் வழக்குப் போடும் இடத்தில் இல்லை. உங்கள்மீது வழக்கு வராமல் காத்துக்கொள்ள வேண்டிய இடத்தில் இருக்கிறீர்கள்.

முதலில் மருந்துச் சீட்டு. 1985-ஆம் ஆண்டின் போதைப்பொருள் தடுப்புச் சட்டம், 8-வது பிரிவில் மருத்துவத் தேவைக்கு விலக்கு அளிக்கிறது. பலரும் அந்த ஒரு சொல்லோடு படிப்பதை நிறுத்திவிடுகிறார்கள். அதே வாக்கியம், இந்தச் சட்டமும் விதிகளும் சொல்லும் முறையில், அவை சொல்லும் அளவுக்குள் மட்டுமே என்று தொடர்கிறது. உரிமம் தேவைப்படும் இடத்தில் உரிமத்தின்படி என்றும் சேர்க்கிறது. ஆகவே நீதிமன்றம் கேட்கப்போவது ‘உங்களுக்கு வலி இருந்ததா’ என்பதையோ ‘டாக்டர் எழுதினாரா’ என்பதையோ அல்ல. ‘இந்தப் பொருள் உங்கள் கைக்கு எந்த வழியாக வந்தது’ என்பதைத்தான் கேட்கும். உங்கள் பாட்டில் பெட்டிக்குள் வந்தது. அதற்கு இறக்குமதிச் சான்றிதழ் கிடையாது. கனடாவில் 2018 முதல் கஞ்சா சட்டப்படி கிடைக்கிறது என்றாலும், அந்நாட்டு எல்லையைத் தாண்டி அதை எடுத்துச் செல்வது, மருத்துவக் காரணமாக இருந்தாலும், அங்கேயே குற்றம். ஐ.நா. வாக்கெடுப்பில் இந்தியாவும் ஆதரவாக வாக்களித்தது உண்மைதான். ஆனால் கஞ்சா, ஐ.நா. போதைப்பொருள் உடன்படிக்கையின் மிகக் கடுமையான பட்டியலிலிருந்து மட்டுமே நீக்கப்பட்டது. கட்டுப்பாட்டுக்கு உட்பட்ட முதல் பட்டியலில் அது இன்னும் இருக்கிறது. அந்த வாக்கால் நம் நாட்டுச் சட்டத்தில் ஒரு வரியும் மாறவில்லை.

மருந்துகள் விதிகளின் கீழ், படிவம் 12ஏ-வில் விண்ணப்பித்துச் சொந்த உபயோகத்துக்கு வெளிநாட்டு மருந்து வரவழைக்கலாம் என்று யாராவது உங்களுக்குச் சொல்லியிருக்கலாம். அந்தச் சலுகை மருந்துச் சட்டத்தின் கதவைத்தான் திறக்கும். போதைப்பொருள் சட்டத்தின் கதவு வேறு, அதற்குச் சாவியும் வேறு.

இப்போது அந்த நான்கு பாட்டில்களுக்கு வருகிறேன். ‘ஒரு கிலோ வரைக்கும் சின்ன கேஸ்தானே சார்’ என்று சொல்லிக்கொண்டு என்னிடம் வருபவர்கள் பலர். அந்த 1,000 கிராம், பூவும் காயும் சேர்ந்த கஞ்சாவுக்கு. உங்களிடம் இருப்பது எண்ணெய். சட்டத்தின் 2-வது பிரிவு, செறிவூட்டிய கஞ்சா எண்ணெயைச் சரஸ் என்ற பிசின் வகையில் சேர்க்கிறது. சரஸுக்குச் சிறிய அளவு 100 கிராம்தான். முப்பது மில்லி பாட்டிலில் உள்ள எண்ணெய் ஏறத்தாழ 28 கிராம் இருக்கும். மூன்று பாட்டில் வரை 84 கிராம். நான்காவதைச் சேர்த்தால் 112 கிராம்.

அந்த நான்காவது பாட்டிலோடு தண்டனையின் உச்சம் ஓராண்டிலிருந்து பத்து ஆண்டுக்குத் தாவுகிறது. அபராதம் பத்தாயிரத்திலிருந்து ஒரு லட்சம் வரை போகிறது. வெளிநாட்டிலிருந்து வந்த பார்சல் என்பதால் 23-வது பிரிவு. அனுப்பிய மைத்துனர் 29-வது பிரிவில் கூட்டுச் சதிக்காரர்.

‘அதில் பெரும்பகுதி தேங்காய் எண்ணெய், மருந்து ஒரு சிட்டிகைதான்’ என்று வாதாட நினைப்பீர்கள். ஹீரா சிங் வழக்கில் 2020-இல் உச்ச நீதிமன்றம் அந்த வாதத்தை முடித்துவைத்தது. கலப்புப் பொருளையும் சேர்த்து மொத்த எடையைத்தான் கணக்கிட வேண்டும். ஜெல்லி மிட்டாயாக வந்தால் சர்க்கரையும் எடையில் சேரும். ஆய்வகம் அதை, கஞ்சாவில் போதை தரும் வேதிப்பொருளான டி.எச்.சி. என்று தனியாகக் குறித்தால் நிலைமை இன்னும் மோசம். அது போன்ற மனமயக்கப் பொருட்களுக்கு வரம்புகள் கிலோவில் இல்லை, சில கிராம்களில் இருக்கின்றன. நீர்த்த மருந்து எண்ணெய் சரஸ் ஆகாது என்று வாதிட இடம் இருக்கிறது. நானே வாதிடுவேன். ஆனால் அந்த வாதம் கேட்கப்படும் நாளில் கட்சிக்காரர் எங்கே இருப்பார் என்பதுதான் என் கவலை.

பார்சல் விஷயத்தில் நான் பார்த்த விபத்து எப்போதும் ஒரே மாதிரிதான். மார்த்தாண்டம் பக்கத்தில் ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர். மகள் வெளிநாட்டிலிருந்து தூக்கத்துக்காக மிட்டாய் அனுப்பியிருந்தார். பார்சல் சுங்கத்தில் நின்றது, விளக்கம் கேட்டுக் கடிதம் வந்தது. மனிதர் வாழ்நாள் முழுவதும் நேர்மையாக இருந்தவர். அழகான கையெழுத்தில் பதில் எழுதினார். ‘இது எனக்காக என் மகள் அனுப்பியது. என்ன மருந்து என்று எனக்குத் தெரியும். டாக்டர் சீட்டை இணைத்துள்ளேன். விடுவித்து உதவவும்.’ என்னிடம் வந்தது அதற்கு ஒரு வாரம் கழித்து. பொருள் யாருடையது, உள்ளே இருப்பது இன்னதென்று அவருக்குத் தெரியுமா, யார் அனுப்பியது என்று அரசுத் தரப்பு சிரமப்பட்டு நிரூபிக்க வேண்டிய மூன்றையும் அவரே கையெழுத்திட்டுக் கொடுத்துவிட்டார். அந்தக் கடிதத்தோடுதான் இன்று வரை போராடிக்கொண்டிருக்கிறோம்.

தூஃபான் சிங் வழக்கில், அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலம் செல்லாது என்று 2020-இல் உச்ச நீதிமன்றம் சொன்னதே என்று கேட்கலாம். அது நம் தமிழ்நாட்டிலிருந்து போன வழக்கு, நல்ல தீர்ப்பு. ஆனால் விசாரணை தொடங்கும் முன்பே நீங்களாக எழுதி அனுப்பிய கடிதத்துக்கும் அந்தப் பாதுகாப்பு தானாக வந்துவிடும் என்று நம்பி உட்காராதீர்கள். போதாக்குறைக்கு 35-வது பிரிவு, உங்களுக்குக் குற்ற மனம் இருந்தது என்றே முதலில் ஊகிக்கும். இல்லை என்று நீங்கள்தான், அதுவும் சந்தேகத்துக்கு இடமின்றி, நிரூபிக்க வேண்டும்.

மானநஷ்ட வழக்கும் இதே பள்ளம்தான். எப்படி என்று பாருங்கள். பாரதிய நியாய சன்ஹிதா 356-வது பிரிவில் தனிநபர் புகார் கொடுக்கிறீர்கள். தக்கலையிலேயே, பத்மநாபபுரம் நீதிமன்றத்தில் நடுவர் உங்களைச் சத்தியப் பிரமாணத்தில் விசாரிப்பார். என்ன எழுதினார், ஏன் எழுதினார் என்று கேட்பார். நீங்கள் பாட்டிலைப் பற்றிச் சொல்லாமல் கதையைச் சொல்லவே முடியாது. சொன்னால் அது உங்கள் சொந்தச் சாட்சியம். யாரும் கட்டாயப்படுத்தவில்லை என்பதால், கட்டாயத்தின் பேரில் சொன்ன பதிலுக்குச் சட்டம் தரும் பாதுகாப்பும் கிடைக்காது. எதிர்த்தரப்பு எடுக்கப்போகும் முதல் வாதம், சொன்னது உண்மை, பொது நன்மைக்காகச் சொன்னேன் என்பதாகத்தான் இருக்கும். அதை நிரூபிக்க அவர்கள் கூப்பிடும் முதல் சாட்சி, நீங்கள் சொட்டு கொடுத்த நண்பர். அவர் கூண்டில் ஏறி ‘ஆமாம், கொடுத்தார்’ என்று சொன்ன நிமிடத்தில், உங்கள் வழக்கு தோற்றதோடு நிற்காது. சொந்த வலிக்கு உட்கொண்டேன் என்று போதைப்பொருள் சட்டத்தின் 27-வது பிரிவில், ஆறு மாத உச்சத் தண்டனையோடு ஒதுங்கிக்கொள்ள இருந்த வாய்ப்பும் போய்விடும். அடுத்தவருக்குக் கொடுத்தவர் ‘எனக்காக மட்டுமே வைத்திருந்தேன்’ என்று சொல்ல முடியாது. காசு வாங்கவில்லை என்பது அங்கே உங்களைக் காப்பாற்றாது.

எனவே நேராகவே சொல்கிறேன். சமாதானமாகப் போய்விடுங்கள். இரண்டு பேருக்கும் பொதுவான, குழுவில் மூத்தவர் ஒருவரை அனுப்புங்கள். அந்தப் பதிவை நீக்கச் சொல்லுங்கள், கட்டணத்தைத் திருப்பிக் கேளுங்கள், தராவிட்டால் விட்டுவிடுங்கள். அவர் எழுத்தில் மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று அடம்பிடிக்காதீர்கள். மன்னிப்புக் கடிதத்தில் எதற்காக மன்னிப்பு என்று எழுத வேண்டி வரும். நிர்வாகியோ அந்த நண்பரோ ‘போலீசுக்குப் போகாமல் இருக்க இவ்வளவு’ என்று பணம் கேட்டால் ஒரு பைசாவும் கொடுக்காமல் நேராக வக்கீலிடம் வாருங்கள். குற்றத்தை மறைக்கக் கைமாறும் பணம், கொடுப்பவர் வாங்குபவர் இருவரையும் புதிய வழக்கில் தள்ளும். மானநஷ்டப் புகாருக்கு மூன்று ஆண்டு அவகாசம் இருக்கிறது. இன்றைய கோபத்தில் அதைச் செய்ய வேண்டிய அவசியம் எதுவும் இல்லை.

நம் மாவட்டத்தில் வீட்டுக்கு ஒருவர் வெளிநாட்டில் இருக்கிறார், அதனால் இதையும் சொல்ல வேண்டும். தண்டனை கிடைக்க வேண்டும் என்பதில்லை. குற்றவழக்கு நிலுவையில் இருந்தாலே பாஸ்போர்ட் புதுப்பிக்க நீதிமன்ற அனுமதி வேண்டும். வளைகுடா வேலைக்குப் போகும் மகன் அதே வீட்டில் இருந்தால், பார்சல் யார் பெயருக்கு வந்தது, யார் கையெழுத்துப் போட்டு வாங்கினார் என்பது அவனையும் தொடும். விமானத்தில் எடுத்து வந்தால் பிடிபடுவது திருவனந்தபுரத்தில். வழக்கும் ஜாமீனும் கேரள நீதிமன்றத்தில். வாய்தாவுக்கு வாய்தா மாநில எல்லையான களியக்காவிளையைத் தாண்டிப் போய் வருவது எவ்வளவு சோர்வு என்பது அனுபவித்தவர்களுக்குத் தெரியும்.

ஊக்கமருந்து விதிகள் பற்றியும் கேட்டிருந்தீர்கள். உலக ஊக்கமருந்துத் தடுப்பு முகமை 2018-இல், கஞ்சாவில் உள்ள போதை தராத வேதிப்பொருளான சி.பி.டி.யைத் தடைப்பட்டியலிலிருந்து எடுத்தது. டி.எச்.சி. போட்டிக் காலத்தில் இன்னும் தடைதான். போட்டிக்கு முந்தைய நாள் இரவு 11.59-லிருந்து போட்டிக் காலம் தொடங்குகிறது. மருத்துவக் காரணத்துக்கு விலக்கு கேட்க வழி உண்டு. ஆனால் அந்த விலக்கு பதக்கத்தைக் காப்பாற்றும், உங்களைக் கைதிலிருந்து காப்பாற்றாது. பொழுதுபோக்குக்கு ஓடுபவருக்கு இது இரண்டாம்பட்சக் கவலை.

சட்டப்படி வழியே இல்லையா என்றால், ஒரு குறுகலான வழி இருக்கிறது. போதைப்பொருள் சட்டத்தில் கஞ்சா என்பது பூவும் காயும் கொண்ட நுனிகள். நுனி சேராத இலையும் விதையும் அந்த வரையறையில் வராது. இலையிலிருந்து செய்த ஆயுர்வேத மருந்துகள் உரிமத்தோடு தயாரிக்கப்பட்டு, மருத்துவக் கண்காணிப்பில் உட்கொள்ள வேண்டும் என்ற எச்சரிக்கையோடு விற்கப்படுகின்றன. ஆனால் 1937-ஆம் ஆண்டின் தமிழ்நாடு மதுவிலக்குச் சட்டம் இலையையும் போதைப்பொருள் என்கிறது. வேறு மாநிலத்தில் தடையின்றி விற்பது தக்கலையில் தடையின்றி வைத்திருக்கக் கூடியதாகிவிடாது. ஆகவே பதிவு பெற்ற ஆயுர்வேத அல்லது சித்த மருத்துவரை நேரில் பாருங்கள். கோட்டாற்றிலேயே அரசு ஆயுர்வேத மருத்துவக் கல்லூரி இருக்கிறது. அவர் எழுதினால் மட்டும், உரிமம் பெற்ற கடையில், தயாரிப்பாளர் உரிம எண்ணும் தொகுதி எண்ணும் உள்ள ரசீதோடு வாங்குங்கள். ரசீதும் சீட்டும் மருந்தோடு ஒன்றாகவே இருக்கட்டும். நம் பக்கத்து ஆசான்மார் மீது எனக்கு மிகுந்த மரியாதை உண்டு. என் தந்தையின் தோளைச் சரிசெய்தவர் ஒரு வர்ம ஆசான்தான். ஆனால் லேபிள் இல்லாத டப்பாவில் வரும் லேகியத்தை, எவ்வளவு நம்பிக்கையானவர் கொடுத்தாலும், கையில் வாங்காதீர்கள். நரம்பு வலிக்குப் போதைப்பொருள் பட்டியலில் இல்லாத வேறு மருந்துகளும் உண்டு. ஆசாரிபள்ளம் மருத்துவக் கல்லூரியில் ஒருமுறை முழுமையாகக் காட்டிவிட்டு வாருங்கள். மறுபடி ஓடிய மகிழ்ச்சியை நீங்கள் எழுதிய விதம் என்னைத் தொட்டது, அதனால்தான் இவ்வளவு கண்டிப்பாகப் பேசுகிறேன்.

வீட்டில் மிச்சம் இருக்கும் பாட்டிலைப் பற்றி நான் இங்கே எழுதமாட்டேன், நீங்களும் இனி யாருக்கும் எழுதாதீர்கள். ஒரு குற்றவியல் வக்கீலை அமர்த்திக்கொண்டு, நேரில் அவரிடம் மட்டும் சொல்லுங்கள். கட்சிக்காரராக அவரிடம் சொல்வதற்குச் சாட்சியச் சட்டம் பாதுகாப்புத் தருகிறது. கேள்வி-பதில் பகுதிக்கு எழுதிய கடிதத்துக்கு அந்தப் பாதுகாப்பைக் கோர முடியாது. உங்கள் பெயரையும் சரியான ஊரையும் நான் அகற்றியதற்குக் காரணம் அதுதான்.

எழுத்தில் இருக்க வேண்டியது ஒன்றே ஒன்று. ‘எதையும் அனுப்ப வேண்டாம், எனக்கு வேண்டாம்’ என்று இன்றே மைத்துனருக்கு எழுதிவிடுங்கள். அதை மீறிப் பார்சல் வந்தால், 35-வது பிரிவின் ஊகத்துக்கு எதிராக உங்கள் கையில் இருக்கும் ஒரே காகிதம் அதுவாகத்தான் இருக்கும். ஏற்கெனவே அனுப்பிவிட்டேன் என்று அவர் பதில் சொன்னால், தபால்காரரிடம் கையெழுத்துப் போட்டு வாங்காதீர்கள், சுங்கத்துறைக்குப் பதில் எழுதாதீர்கள். அன்றைக்கே வக்கீலைப் பாருங்கள்.