மிகுபுனைவு எழுதுவோர் கேள்வி – பதில்: மந்திர எழுதுகோல்

கேள்வி: என் நாவலின் நாயகியிடம் ஒரு மந்திர இறகுப்பேனா இருக்கிறது. எழுதியது அப்படியே நடக்கும். ஆனால் எந்தச் சிக்கல் வந்தாலும் ஒரு வரி எழுதித் தீர்த்துவிடுகிறாள். கதை நகர மறுக்கிறது. என்ன செய்யலாம்?

பதில்: பலர் ‘நாளுக்கு மூன்று முறைதான் பலிக்கும்’ என்று ஒரு விதியைப் போட்டுவிடுவார்கள். அது ஆசிரியரின் வசதிக்காக வந்த விதி என்று வாசகருக்கு உடனே தெரிந்துவிடும். வரம்பைப் பேனாவின் உடம்பிலிருந்தே எடுங்கள்.

இறகுப்பேனா மையை அதிகம் தேக்கி வைக்காது. ஒருமுறை தோய்த்தால் சில சொற்கள்தான் வரும். ஒரு தோய்ப்பில் முடியாத வாக்கியம் பலிக்காது என்று வையுங்கள். நாயகி சுருக்கி எழுதியாக வேண்டும். அவசரத்தில் சுருக்கியதில் பொருள் பிசகும். அங்கே கதை பிறக்கிறது.

இன்னொன்று, தேய்மானம். எழுத எழுத முனை மழுங்கும், கத்தியால் மறுபடி சீவ வேண்டும். ஒவ்வொரு சீவலிலும் பேனா குட்டையாகும். நாயகியிடம் எவ்வளவு மந்திரம் மிச்சமிருக்கிறது என்பதை அவள் கையில் இருக்கும் இறகின் நீளமே காட்டிவிடும். தனியாக விளக்கம் எழுதத் தேவையில்லை.

கேள்வி: மாயப் பறவையின் எந்த இறகைப் பேனாவாக்குவது? எப்படிச் செய்வதாக எழுதினால் நம்பும்படி இருக்கும்?

பதில்: சிறகின் வெளி விளிம்பில் இருக்கும் முதல் ஐந்து பறக்கும் இறகுகள்தான் தேறும். வலக்கைக்காரருக்கு இடச்சிறகு இறகு. அதன் வளைவு கண்ணை மறைக்காமல் வெளிப்பக்கம் சாயும். உங்கள் பாத்திரம் இடக்கைக்காரர் என்றால் வலச்சிறகிலிருந்து எடுக்கச் சொல்லுங்கள்.

பிடுங்கிய இறகு மிருதுவாக இருக்கும். அப்படியே சீவினால் முனை பிசிறடிக்கும். தண்ணீரில் ஊறவைத்து, சூடான மணலில் செருகிக் கெட்டிப்படுத்த வேண்டும். சூடு மிஞ்சினால் குழல் நொறுங்கும். பிறகு சாய்வாகச் சீவி, முனையில் சிறு பிளவு போட வேண்டும். பிளவு நீண்டால் மை கொட்டும், குறைந்தால் இறங்காது. படங்களில் வருவதுபோல முழு இறகும் அசைந்துகொண்டிருக்க வேண்டியதில்லை. கைக்கு இடைஞ்சல் என்று எழுத்தர்கள் தண்டின் இருபுறமும் இருக்கும் தூவியைப் பெரும்பாலும் உரித்துவிடுவார்கள்.

கேள்வி: மந்திரம் பேனாவில் இருக்கலாமா, மையில் இருக்கலாமா?

பதில்: எங்கள் ஓட்டு மைக்கு. நூற்றாண்டுகளாகப் புழங்கிய இரும்பு மையை எடுத்துக்கொள்ளுங்கள். மாசிக்காயை (ஓக் மரத்தில் பூச்சியால் உண்டாகும் முடிச்சு) இடித்து ஊறவைத்து வடிகட்டி, அந்தச் சாற்றில் அன்னபேதி என்ற இரும்பு உப்பும் கருவேலம்பிசினும் கலப்பார்கள். பழைய குறிப்புகளில் அளவு வேறுபடும். மாசிக்காய் 3 பங்கு, அன்னபேதி 2, பிசின் 1 என்பது அவற்றில் ஒன்று. பிசின் குறைந்தால் மை தாளில் பரவும், கூடினால் முனையில் அடைத்துக்கொள்ளும். அன்னபேதி மிஞ்சினால் காலப்போக்கில் மையே தாளை அரித்து, எழுத்து இருந்த இடத்தில் ஓட்டை விழும். வரம் கேட்ட தாளையே அந்த வரம் தின்றுவிடுகிறது என்றால் எத்தனை நல்ல சாபம்!

எங்களுக்கு இதில் மிகவும் பிடித்த குணம் வேறு. இந்த மை எழுதும்போது வெளிறித்தான் விழும். காற்றுப்பட்டுச் சில மணி நேரத்தில் கறுக்கும், அடுத்த நாட்களில் இன்னும் அடரும். ‘கறுத்த பிறகே பலிக்கும்’ என்று வைத்தால் எழுதியதற்கும் நடப்பதற்கும் இடையே ஓர் இரவு கிடைக்கிறது. தாளுக்குப் பதில் பதப்படுத்திய விலங்குத் தோலில் எழுதினால் அதைக் கத்தியால் சுரண்டி எடுக்க முடியும் என்பதால், அந்த இரவுக்குள் எதிரி வந்து சேர வேண்டும். ஓர் அத்தியாயம் முழுக்க இதிலேயே ஓட்டலாம்.

கேள்வி: பேனா பேசலாமா?

பதில்: பேசலாம். பேசினால் அது பாத்திரம். அதற்கென்று ஓர் ஆசையும் ஒரு பயமும் கொடுங்கள்.

கேள்வி: என் உலகில் தாளும் தோலும் இல்லை, ஓலை மட்டுமே. எழுத்தாணியை மந்திரக்கோலாக்கினால் எடுபடுமா?

பதில்: தாராளமாக. எழுத்தாணிக்கு மை வேண்டாம். ஓலையைக் கீறிவிட்டுப் பிறகு கரி பூசித் துடைத்தால் கீறலில் கறுப்பு தங்கும். பூசும்வரை எழுத்து கண்ணுக்குச் சரியாகத் தெரியாது. மந்திரத்தை எழுதுபவர் ஒருவர், கரி பூசி எழுப்புபவர் இன்னொருவர் என்று அதிகாரத்தைப் பிரித்துவிடலாம்.

அழுத்தினால் ஓலை பொத்துக்கொள்ளும், நரம்பின் திசையில் நேர்க்கோடு இழுத்தால் பிளக்கும். நம் ஓலைச்சுவடிகளில் பெரும்பாலும் புள்ளி இடாமல்தான் எழுதினார்கள். எகர ஏகாரத்துக்கும் அன்று புள்ளிதான் வேறுபாடு என்பதால், ‘எரி’யும் ‘ஏரி’யும் ஓலையில் ஒன்றுபோலவே இருக்கும். உங்கள் உலகத்து எழுத்துக்கும் இதே இயல்பைக் கொடுங்கள். நெருப்பை அழைக்க எழுதிய ஓலையை, கரி பூசுபவர் வெள்ளமாகப் படித்துவிடலாம்.