இரட்டையர் ஆட்டம் இரண்டாந்தரமா?

அன்புள்ள எழுத்தாளருக்கு,

டென்னிஸ் பற்றிய உங்கள் குறிப்பில் 'ஹங்கேரி தந்த மிகச்சிறந்த ஆட்டக்காரர்களில் ஒருவர்' என்று டீமியா பாபோஸைச் சொல்லியிருந்தீர்கள். ஏற்க முடியவில்லை. 1958-இல் ஜூஜா கர்மட்சி பிரெஞ்சு ஒற்றையர் பட்டத்தையே வென்றவர். பாபோஸ் ஒற்றையரில் எந்தப் பெரிய போட்டியிலும் காலிறுதிகூடப் பார்த்ததில்லை. ஒற்றையரில் தேறாதவர்கள் ஒதுங்கும் இடம்தானே இரட்டையர்? அப்புறம், அவர் பெயர் பாபோஸா, பாபோஷா? இரண்டு விதமாகவும் சொல்லக் கேட்டேன்.

மு., ஈரோடு

அன்புள்ள மு.,

கர்மட்சி விஷயத்தில் உங்களோடு சண்டை இல்லை. 33 வயதில், முந்தைய ஆண்டு சாம்பியன் ஷெர்லி ப்ளூமரை 6-4, 1-6, 6-2 என்று இறுதியில் வீழ்த்தினார். அந்த இடத்தை இன்றுவரை வேறு ஹங்கேரியப் பெண் யாரும் தொடவில்லை. அதனால்தான் 'ஒருவர்' என்று எழுதினேன்.

'ஒதுங்கும் இடம்' என்றீர்களே, அங்கேதான் இடிக்கிறது. உண்மையைச் சொன்னால் நானும் நெடுநாள் அப்படித்தான் நினைத்திருந்தேன். டிவியில் இரட்டையர் வந்தால் சேனல் மாற்றிவிடுவேன். 2018 ஜனவரியில் ஒரு ஞாயிறு காலை நம் இந்திய வீரர் போபண்ணாவுக்காக உட்கார்ந்தேன். ஆஸ்திரேலிய ஓபன் கலப்பு இரட்டையர் இறுதி. அவருக்கு ஜோடி பாபோஷ். எதிரே டப்ரோவ்ஸ்கி, பாவிச். முந்தைய ஆண்டு பாரிஸில் இதே டப்ரோவ்ஸ்கியோடு சேர்ந்துதான் போபண்ணா தன் முதல் கிராண்ட்ஸ்லாமை, அதாவது நான்கு பெரிய போட்டிகளில் ஒன்றின் பட்டத்தை, வென்றார் என்பது தனி வேடிக்கை. முதல் செட்டை 6-2 என்று நம்மவர் ஜோடி எடுத்தது, இரண்டாவது 4-6. கடைசியில், மூன்றாம் செட்டுக்குப் பதிலாகப் பத்துப் புள்ளிக்கு ஆடும் சூப்பர் டைபிரேக்கரில் 9-11 என்று கைவிட்டுப் போயிற்று. போபண்ணாவைப் பார்க்க உட்கார்ந்தவன் பாபோஷைப் பார்த்துவிட்டு எழுந்தேன்.

அந்தப் போட்டியில் அவர் என்னென்ன செய்தார் என்று பாருங்கள். ஒற்றையர் முதல் சுற்றில் 10-ஆம் நிலை வீராங்கனை கோகோ வாண்டவேயைத் தோற்கடித்தார். கிறிஸ்டினா மிளாடெனோவிச்சுடன் சேர்ந்து மகரோவா, வெஸ்னினா ஜோடியை 6-4, 6-3 என்று வென்று தன் முதல் கிராண்ட்ஸ்லாமை எடுத்தார். கலப்பு இறுதி முடிந்ததும் தைபேய்க்கு விமானம் ஏறி, அடுத்த ஞாயிறு அங்கே ஒற்றையர் பட்டத்தை வென்றார். ஒற்றையரில் தேறாதவர் என்கிறீர்கள். மான்டெர்ரே, புடாபெஸ்ட், தைபேய் என்று மூன்று ஒற்றையர் பட்டங்கள் அவரிடம் உண்டு. 2016-இல் உலகின் 25-ஆம் இடம் வரை போனார். அந்த ஆண்டு அமெரிக்க ஓபன் மூன்றாம் சுற்றில் ஹாலெப்பிடம் மூன்று செட் ஆடித்தான் தோற்றார். கிராண்ட்ஸ்லாமில் அதைத் தாண்டவில்லை, சரி. ஆனால் 25-ஆம் இடத்துக்கு யாரும் ஒதுங்கிப் போய்ச் சேர்வதில்லை.

இரட்டையர் வேறு வித்தை. ஒற்றையர் களத்தின் அகலம் 27 அடி, இதில் 36 அடி. அகலம் கூடியதால் சுலபமாகிவிட்டது என்று தோன்றும். ஆனால் நெட்டருகே ஒருவர் நின்றுகொண்டு எந்தப் பந்தைக் குறுக்கே பாய்ந்து வெட்டலாம் என்று காத்திருக்கிறார். ஒற்றையரில் நல்ல அடி என்று கைதட்டு வாங்கும் உயரமான குறுக்குப் பந்து இங்கே தற்கொலை. பந்தைத் தாழ்வாக, சர்வ் போட்டுவிட்டு ஓடிவருபவரின் காலடியில் இறக்க வேண்டும். சர்வ் எங்கே போகிறது, பங்காளி எந்தப் பக்கம் நகர்வார் என்பதெல்லாம் முன்கூட்டியே பேசிக்கொண்டது. புள்ளிக்குப் புள்ளி வாயைப் பொத்திக்கொண்டு கிசுகிசுப்பது அதற்குத்தான்.

பணத்திலும் ஓரவஞ்சனைதான். 2018 ஆஸ்திரேலிய ஓபனில் ஒற்றையர் சாம்பியனுக்கு 40 லட்சம் ஆஸ்திரேலிய டாலர். இரட்டையரில் வென்ற ஜோடிக்கு ஏழரை லட்சம், அதையும் இருவர் பங்கிட வேண்டும். ஒற்றையர் காலிறுதியில் தோற்றவர் வாங்கியது 4.4 லட்சம். கோப்பை வென்றவரின் பங்கைவிட அதிகம்!

அதே 2018 ஜூலையில் பாபோஷ் இரட்டையர் தரவரிசையில் உலகின் முதலிடத்துக்கு வந்தார். செப்டம்பரில் அமெரிக்க ஓபன் இறுதியில் இன்னும் ஒரு புள்ளி எடுத்தால் வெற்றி என்ற மேட்ச் பாயின்ட் மூன்று முறை கிடைத்தும் கோட்டைவிட்டார். 6-3, 6-7, 6-7. எதிர் ஜோடியில் ஒருவர் ஆஷ் பார்ட்டி, இன்னொருவர், ஆம், ஜனவரியில் இவரிடம் தோற்ற அதே வாண்டவே.

ஆனால் எனக்கு மறக்காதது 2020 அமெரிக்க ஓபன். கொரோனா காலம். பாபோஷ், மிளாடெனோவிச் ஜோடிக்கு முதல் நிலை. முதல் சுற்றை வென்றும்விட்டார்கள். பெனுவா பேர் என்ற பிரெஞ்சு வீரருக்குத் தொற்று உறுதியாகியிருந்தது, அவரோடு தொடர்பில் இருந்தவர்களில் மிளாடெனோவிச்சும் ஒருவர். உள்ளூர் சுகாதாரத் துறை அவரைத் தனிமைப்படுத்தியது. ஜோடி போட்டியிலிருந்தே நீக்கப்பட்டது. பாபோஷுக்குத் தொற்றும் இல்லை, தனிமையும் இல்லை. ஆட ஆள்தான் இல்லை. ஒற்றையரில் உங்கள் கால் உடைந்தால்தான் நீங்கள் வெளியே. இதில் பக்கத்தில் நிற்பவரின் தலையெழுத்தும் உங்கள் தலையில்.

அதற்கு இவர்கள் பாரிஸில் பதில் சொன்னார்கள். செப்டம்பர் கடைசிக்குத் தள்ளிப்போன பிரெஞ்சு ஓபனுக்கு நாளொன்றுக்கு 1,000 பார்வையாளர்களுக்குத்தான் அனுமதி. குவாராச்சி, கிராவ்சிக் ஜோடியை 6-4, 7-5 என்று வென்றார்கள். சேர்ந்து வென்ற நான்காவது கிராண்ட்ஸ்லாம்.

பெயரைக் கேட்டிருந்தீர்கள். பாபோஷ்தான். ஹங்கேரிய மொழியில் தனி 'எஸ்' எழுத்துக்கு 'ஷ்' ஒலி, 'எஸ்'ஸும் 'இசட்'டும் சேர்ந்து வந்தால்தான் 'ஸ்'. அவர்கள் தலைநகரையே அவர்கள் புடாபெஷ்ட் என்றுதான் சொல்கிறார்கள். நான் மேலே புடாபெஸ்ட் என்று எழுதியது பழக்கதோஷம். குடும்பப் பெயரை முன்னால் போடுவதும் அங்கே வழக்கம். சொந்த ஊரான ஷோப்ரோனில் அவர் 'பாபோஷ் டீமியா'. நாம் இனிஷியலை முன்னால் போடுகிறோமே, அதுபோல என்று வைத்துக்கொள்ளுங்கள்.