திடீரென்று

அன்புள்ள அண்ணனுக்கு,

நானும் என் நண்பனும் ஐந்து வருடமாகச் சேர்ந்து ராப் செய்கிறோம். நான் எழுதிப் பாடுகிறேன். அவன் பீட், அதாவது பாட்டுக்கான தாள இசை, போடுகிறான், கொஞ்சம் பாடவும் செய்கிறான். லேபிள், அதாவது பாட்டு வெளியிடும் நிறுவனம், எதுவும் கிடையாது. 2013இல் திடீரென்று எழுந்து வந்த ரன் த ஜூவல்ஸ் என்ற அமெரிக்க ராப் குழுவின் இருவர், எல்-பியும் கில்லர் மைக்கும்தான் எங்களுக்கு ஆதர்சம். ஆல்பத்தை இலவசமாகக் கொடுத்துத்தான் அவர்கள் மேலே வந்தார்கள். நாங்களும் முதல் ஆல்பத்தை இலவசமாக விடலாமா? அரசியல் பேசினால்தான் கவனிப்பார்களா? அல்காரிதத்தைப் பிடிப்பது எப்படி? அப்புறம் ஒரு சின்ன விஷயம். அட்டையில் யார் பெயர் முதலில் என்பதில் தகராறாகி, ஒரு மாதமாக எங்களுக்குள் சரியான பேச்சில்லை. இணைப்பில் நான்கு பாட்டுகள் அனுப்பியிருக்கிறேன். நேரமிருந்தால் கேளுங்கள்.

(பெயர் வேண்டாம் என்று கேட்டிருக்கிறார்.)

அன்புள்ள தம்பி,

கடிதத்தைக் காலையில் படித்தேன், பதில் எழுத உட்கார்ந்தது இரவில். நடுவில் பகல் முழுக்க உங்கள் ஒரு சொல் செருப்புக்குள் கிடக்கும் கல் மாதிரி உறுத்திக்கொண்டே இருந்தது. 'திடீரென்று.'

ஆதர்சம் என்கிறீர்களே, ஆதர்சத்தின் வயது தெரியுமா? இரண்டு பேரும் 1975இல் பிறந்தவர்கள். எல்-பி மார்ச் மாதம் ப்ரூக்ளினில். கில்லர் மைக் ஏப்ரலில் அட்லாண்டாவில். நீங்கள் சொல்லும் அந்தத் 'திடீர்' வருடத்தில் இருவருக்கும் 38 வயது. ராப்பில் 38 என்றால் மற்றவர்கள் பழைய பாட்டை வைத்துக் கச்சேரி ஓட்டும் வயது.

எல்-பியை எடுத்துக்கொள்ளுங்கள். தொண்ணூறுகளில் கம்பெனி ஃப்ளோ என்று மூன்று பேர். 1997இல் அவர்களுடைய முதல் முழு ஆல்பம் வந்தது. 'சுயாதீனம்' என்ற சொல்லோடு ஒரு கெட்ட வார்த்தையைச் சேர்த்து முழக்கமாகவே வைத்திருந்தார்கள். நீங்கள் இன்று பெருமையாகச் சொல்லிக்கொள்ளும் அந்தச் சொல்லுக்கு அவர் அப்போதே அடி வாங்கிக்கொண்டிருந்தார். ஆல்பத்தை வெளியிட்ட ராக்கஸ் லேபிளோடு உறவு கசந்தது. 1999இல் சொந்தமாக லேபிள் தொடங்கினார். அதற்கு டெஃப் ஜக்ஸ் என்று பெயர் வைத்தால், டெஃப் ஜாம் என்ற பெரிய நிறுவனம் வழக்குப் போட்டது. பெயரை டெஃபினிட்டிவ் ஜக்ஸ் என்று மாற்றிக்கொண்டார். பத்து வருடம் அதை இழுத்துப் பிடித்தார். அடுத்தவர்களுடைய ஆல்பங்களுக்கு பீட் போட்டார், வெளியிட்டார், கணக்குப் பார்த்தார். 2010இல் லேபிளை நிறுத்தி வைப்பதாக அறிவித்தார். இதற்கு நடுவே, 2008இல் அவருடைய நண்பரும் அந்த லேபிளின் கலைஞருமான காமு டாவ் நுரையீரல் புற்றுநோயில் இறந்துபோனார். 2012இல் எல்-பி வெளியிட்ட தனி ஆல்பம் அந்த நண்பருக்குத்தான் காணிக்கை. ஒரு மனிதன் 35 வயதில் நண்பனைப் புதைத்து, கடையையும் மூடிவிட்டு உட்கார்ந்திருக்கிறான். உங்கள் 'திடீர்' அங்கிருந்து தொடங்குகிறது.

கில்லர் மைக்கின் கதை வேறு மாதிரி வலிப்பது. அவருக்கு மேடை சீக்கிரமே கிடைத்துவிட்டது. 2000இல் அவுட்காஸ்ட் என்ற புகழ்பெற்ற ராப் குழுவின் ஆல்பத்தில் முதல் வாய்ப்பு. அவுட்காஸ்ட்டோடு சேர்ந்து பாடிய பாட்டுக்காக 2003இல் கிராமி. அதே வருடம் பெரிய நிறுவனம் ஒன்றின் மூலம் முதல் ஆல்பம், அமெரிக்காவின் பில்போர்டு ஆல்பப் பட்டியலில் பத்தாவது இடம். 28 வயதில் இதெல்லாம் கிடைத்தால் என்ன நினைப்போம்? இனி ஏறுமுகம்தான் என்று நினைப்போம். அடுத்த ஆல்பம் வரவேண்டிய நேரத்தில் வரவில்லை, பெட்டிக்குள் தூங்கியது. அப்புறம் சொந்த லேபிளில் தானே போட்டுத் தானே விற்றார். அட்லாண்டாவில் முடிதிருத்தும் கடை வைத்தார். நல்ல கடை என்றுதான் சொல்கிறார்கள், அதைக் குறைத்துப் பேசவில்லை. ஆனால் கிராமி வாங்கியவர் கடை திறந்த அன்று யாரும் 'எழுச்சி' என்ற தலைப்பில் கட்டுரை எழுதியிருக்க மாட்டார்கள்.

இந்த இருவரையும் சேர்த்து வைத்தது யார்? ஜேசன் டிமார்கோ. இரவு நேரத்தில் பெரியவர்களுக்கான கார்ட்டூன் காட்டும் அடல்ட் ஸ்விம்மில் வேலை பார்த்தவர். மைக்கின் ஆல்பத்துக்கு இரண்டு மூன்று பீட் செய்தால் போதும் என்றுதான் எல்-பியை அழைத்துப் போனார். மைக், முழு ஆல்பத்தையும் நீதான் செய்யவேண்டும் என்று பிடிவாதம் பிடித்தார். எல்-பிக்குத் தன் ஆல்பமே பாதியில் கிடந்தது. முதலில் தயங்கியவர் பிறகு செய்து கொடுத்தார். 2012 மே மாதம் ஒரு வார இடைவெளியில் இரண்டு பேருடைய ஆல்பங்களும் வெளிவந்தன. சேர்ந்து ஊர் ஊராகப் போனார்கள். பயணம் முடிந்தும் பிரிய மனமில்லாமல், விளையாட்டாக இன்னொன்று செய்தார்கள். 2013 ஜூனில் இணையத்தில் இலவசமாக விட்டார்கள். அதுதான் ரன் த ஜூவல்ஸ்.

இப்போது சொல்லுங்கள், எது திடீர்?

எரிச்சலாகப் பேசுகிறேன், தெரிகிறது. கொஞ்சம் பொறுங்கள்.

இலவசம் பற்றிக் கேட்டீர்கள். 'ரன் த ஜூவல்ஸ்' என்பது வழிப்பறிக்காரனின் பேச்சு. நகையைக் கழற்று, கொடு என்று அர்த்தம். அட்டைப்படத்திலும் ஒரு கை துப்பாக்கி மாதிரி நீள, இன்னொரு கை சங்கிலியைப் பிடித்திருக்கும். அப்படிப் பெயர் வைத்தவர்கள் தங்கள் நகையைத் தாங்களே கழற்றிக் கொடுத்தார்கள் என்பதில் எனக்கு எப்போதும் ஒரு சிரிப்பு உண்டு. 2014இல் இரண்டாவது ஆல்பத்தையும் அப்படியே கொடுத்தார்கள், பிட்ச்ஃபோர்க் என்ற இசை விமர்சன இணையதளம் அதைத்தான் அந்த வருடத்தின் சிறந்த ஆல்பம் என்றது. மூன்றாவதை 2016 கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாள், சொன்ன தேதிக்கு மூன்று வாரம் முன்பாகவே விட்டார்கள். ஆனால் தம்பி, அவர்கள் கொடுத்தது டவுன்லோடு மட்டும்தான். வினைல் இசைத்தட்டு விலைக்கு, டி-ஷர்ட் விலைக்கு, கச்சேரி டிக்கெட் விலைக்கு. அந்த விலையைக் கொடுக்க 1997இலிருந்து ஒருவருக்கும் 2000இலிருந்து இன்னொருவருக்கும் சேர்ந்த கூட்டம் இருந்தது. கேட்க ஆள் இருப்பவன் சும்மா கொடுத்தால் அது பரிசு. ஆள் இல்லாதவன் கொடுத்தால் அது தெருவில் நீட்டும் நோட்டீஸ், நான்கு அடி தள்ளிப் போய்க் கீழே போட்டுவிடுவார்கள்.

இரண்டாவது ஆல்பத்தை விற்கும்போது கேலியாக ஒரு பட்டியல் போட்டார்கள். 40,000 டாலர் கொடுத்தால் ஆல்பம் முழுவதையும் பூனைச் சத்தத்தில் மறுபடி செய்து தருவோம் என்றும் அதில் ஒரு வரி. ரசிகர் ஒருவர் அதை நிஜமாகவே எடுத்துக்கொண்டு கிக்ஸ்டார்ட்டர் என்ற நிதி திரட்டும் இணையதளத்தில் வசூலை ஆரம்பித்தார். 60,000 டாலருக்கு மேல் சேர்ந்துவிட்டது. சொன்ன வார்த்தைக்குக் கட்டுப்பட்டு 2015இல் பூனை ஆல்பத்தைச் செய்தார்கள், வந்த பணத்தைக் காவலர்களால் உயிரிழந்தவர்களின் குடும்பங்களுக்கென்று ஒதுக்கினார்கள். உங்களுக்காகப் பூனை மாதிரிக் கத்தச் சொல்லிக் காசு போட எத்தனை பேர் இருக்கிறார்கள் என்று எண்ணிப் பாருங்கள். இருந்தால் இலவசமாக விடுங்கள். இல்லையென்றால் ஒரு சின்ன விலையாவது வையுங்கள், வாங்கிய பத்துப் பேரின் பெயராவது உங்களுக்குத் தெரியும்.

அரசியல்? கில்லர் மைக்கின் அப்பா காவல்துறையில் இருந்தவர். 2014 நவம்பர் 24 அன்று, ஃபெர்குசனில் மைக்கேல் பிரவுன் என்ற கறுப்பின இளைஞனைச் சுட்டுக் கொன்ற காவலர் மேல் வழக்கில்லை என்று அறிவித்த அதே இரவு, இவர்களுக்குப் பக்கத்திலேயே செயின்ட் லூயிஸில் கச்சேரி. மேடையேறி மைக் பேசிய பேச்சில் குரல் உடைந்துவிட்டது. தன் பிள்ளைகளை நினைத்துப் பயந்த ஒரு அப்பாவின் குரல் அது. 'கவனிப்பார்களா' என்று கணக்குப் போட்டு அப்படிப் பேச முடியாது. அல்காரிதம் பற்றி எனக்குச் சொல்ல ஒன்றுமில்லை.

சரி, அந்தச் சொல்லுக்கு வருகிறேன். அது ஏன் இவ்வளவு உறுத்தியது என்று சொல்லாமல் முடித்தால் நான் உங்களைச் சும்மா திட்டியது போலாகிவிடும்.

உங்கள் வயதில் நானும் ஒரு நண்பனும் சேர்ந்து சிற்றிதழ் நடத்தினோம். ஒன்பது வருடம், பதினான்கு இதழ், ஒவ்வொன்றும் 300 பிரதி. தலையங்கம் நான். மெய்ப்புப் பார்ப்பது, அச்சகத்தில் போய் உட்காருவது, கடன் சொல்லிக் காகிதம் வாங்குவது, முகவரி எழுதித் தபால்தலை ஒட்டுவது எல்லாம் அவன். என் முதல் பத்துக் கதைகளில் அவன் வெட்டாத பத்தி ஒன்றுகூடக் கிடையாது. வெட்டிய இடத்தில் பென்சிலால் சின்னதாக ஒரு கேள்விக்குறி மட்டும் போடுவான். அந்தக் கேள்விக்குறிக்குப் பயந்துதான் நான் எழுதக் கற்றுக்கொண்டேன்.

பிறகு என் நாவல் ஒன்று கொஞ்சம் பேசப்பட்டது. ஒரு விழாவில் என்னை அறிமுகப்படுத்தியவர், "திடீரென்று ஒரு நாள் தமிழில் தோன்றியவர்" என்றார். கைதட்டினார்கள். கடைசி வரிசைக்கு முந்தின வரிசையில் அவனும் தட்டினான். ஒலிபெருக்கி என் கைக்கு வந்தது. 'திடீரென்று இல்லைங்க, அதோ அங்கே உட்கார்ந்திருக்கிறானே' என்று சொல்ல எனக்கு அரை நிமிடம் போதும். நான் சொல்லவில்லை. அந்தச் சொல் சுகமாக இருந்தது. வானத்திலிருந்து விழுந்தவன் போல நின்றுகொண்டிருந்தேன்.

அவன் சண்டை எதுவும் போடவில்லை. பதினைந்தாம் இதழுக்கு விஷயம் சேர்க்கலாமா என்று நான் கேட்டபோது, "உனக்கு இனி எதுக்குடா இதெல்லாம்" என்றான். அவ்வளவுதான். இப்போதும் பொங்கலுக்கு வாழ்த்து அனுப்புகிறான். நான் கதை எதுவும் அனுப்புவதில்லை. கேள்விக்குறி வராது என்று தெரியும்.

'திடீரென்று' என்று சொல்லும்போது யார் யார் காணாமல் போகிறார்கள் என்று பாருங்கள் தம்பி. கம்பெனி ஃப்ளோவில் இருந்த மற்ற இரண்டு பேர் போய்விடுகிறார்கள். காமு டாவ் போய்விடுகிறார். கானிபல் ஆக்ஸ் என்ற இன்னொரு இருவர் குழுவும் போய்விடுகிறது. 2001இல் எல்-பி தயாரித்த அவர்களுடைய முதல் ஆல்பம் இன்றும் பேசப்படுகிறது, அடுத்தது வர 14 வருடம் ஆனது. இருவர் குழு என்றால் அப்படியும் ஆகும். டிமார்கோ போய்விடுகிறார். அமாய்ச்சி உசோய்க்வே என்று ஒருவர், எல்-பியோடு சேர்ந்து அந்தப் பழைய லேபிளைத் தொடங்கியவர். லேபிள் மூடிய பிறகும் விலகாமல், ரன் த ஜூவல்ஸுக்கு மேலாளராக இருந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டவர். அவரும் போய்விடுகிறார். மேடையில் மிஞ்சுவது இரண்டு நடுவயது ஆண்களும் ஒரு மின்னலும்தான்.

அட்டையில் யார் பெயர் முதலில் என்று கேட்டிருந்தீர்கள், மறந்தே போனேன். அதைச் சின்ன விஷயம் என்று எழுதியிருக்கிறீர்கள். ஒரு மாதம் பேசாமலிருக்க வைத்தது எப்படிச் சின்ன விஷயம் ஆகும்? அவர்களில் ஒருவர் கிராமி வாங்கியவர், இன்னொருவர் அத்தனை பீட்டுக்கும் சொந்தக்காரர். இருவரும் தங்கள் பெயரை விட்டுவிட்டு மூன்றாவதாக ஒரு பெயருக்குள் போனார்கள். நான்காவது ஆல்பம் 2020 ஜூனில், காவலர் வன்முறையை எதிர்த்து அமெரிக்கத் தெருக்கள் கொதித்துக்கொண்டிருந்தபோது, சொன்ன தேதிக்கு இரண்டு நாள் முன்பாக வந்தது. அதுவும் பில்போர்டில் பத்தாவது இடத்தைத் தொட்டது. 17 வருடத்துக்கு முன் மைக் தனி ஆளாக நின்ற அதே பத்தாவது இடம். எனக்கென்னவோ இரண்டாவது முறை நின்றபோது அவருக்குக் காற்று நன்றாக வீசியிருக்கும் என்று தோன்றுகிறது.

உங்கள் பாட்டுகளைக் கேட்டேன். முதல் இரண்டும் பரவாயில்லை, நான்காவது வேண்டாம். மூன்றாவதை நான்கு முறை கேட்டேன். ரன் த ஜூவல்ஸ் பாட்டுகளில் ஒருவர் தொடங்கிய வரியை இன்னொருவர் முடிப்பதைக் கவனித்திருப்பீர்கள். இவர் மூச்சு வாங்கும் இடம் அவருக்குத் தெரிகிறது, சரியாக அங்கே நுழைகிறார். உங்கள் மூன்றாவது பாட்டில் இரண்டு நிமிடம் கடந்ததும் உங்கள் நண்பர் பாடுகிறார். நன்றாகப் பாடுகிறார், உங்களைவிட நன்றாகவே. அவருடைய கடைசிச் சொல் இன்னும் முடியவில்லை, நீங்கள் உள்ளே வந்துவிடுகிறீர்கள். என்ன சொல் என்றுகூட எனக்குக் கேட்கவில்லை. அவரைக் கூப்பிட்டு அந்த இடத்தை மறுபடி பதிவு செய்து அனுப்புங்கள். அது என்ன சொல் என்று எனக்குத் தெரியவேண்டும்.