ஊமைப்படமா, யார் சொன்னது?

கேள்வி: அரசியல் கொலை பற்றிய பழைய ஜப்பானிய ஊமைப்படம் ஒன்று பார்த்தேன். வசனமே இல்லாமல் அத்தனை பதற்றம்! பேச்சில்லாததுதான் அதன் பலமா?

பதில்: 'ஊமைப்படம்' என்று எழுதினீர்களே, கையைக் கொடுங்கள். எங்கள் புரூஃப் ரீடர் அதை அடித்து 'மௌனப்படம்' ஆக்குவார், நான் திரும்ப அடிப்பேன். பல வருடச் சண்டை. ஜப்பான் விஷயத்தில் இருவருக்குமே தோல்வி. அங்கே படம் ஊமையும் இல்லை, மௌனமும் இல்லை. திரைக்குப் பக்கத்தில் 'பென்ஷி' என்றொருவர் நின்று நாயகன், நாயகி, வில்லன் எல்லாருக்கும் தானே குரல் கொடுப்பார். எந்த பென்ஷி பேசுகிறார் என்று விசாரித்துவிட்டுக் கொட்டகைக்குப் போனவர்கள் உண்டு.

நம்மூரில் பின்சீட்டு ஆசாமி இலவசமாகச் செய்யும் சேவைதான், அங்கே சம்பளம். போன மாதம் ஒருவர் என் காதோரம் கதை சொல்லிக்கொண்டே வந்து, இடைவேளைக்கு முன்பே கொலைகாரனைக் காட்டிக்கொடுத்தார். 'லைசென்ஸ் இருக்கிறதா?' என்று கேட்க வாய் துடித்தது. ஏனென்றால் 1917 முதல் டோக்கியோவில் பென்ஷிக்கு போலீஸ் லைசென்ஸ் கட்டாயமாக இருந்தது. திரையில் வெட்டுபவனை விட, 'ஏன் வெட்டினான்' என்று சொல்லும் வாய்தான் போலீசுக்கு பயம் போலும்.

சரி, நிஜக் கொலைக்கு வருவோம். 1932 மே 15. பிரதமர் இனுகாய் ட்சுயோஷியின் இல்லத்துக்குள் இளம் கடற்படை அதிகாரிகள் துப்பாக்கியோடு புகுந்தார்கள். 'பேசினால் புரியும்' என்றாராம், 76 வயதுப் பெரியவர். 'பேச்சுக்கு இடமில்லை' என்று சுட்டார்கள். மகன் அப்போது சுமோ பார்க்கப் போயிருந்தார். கூடப் போனவர் யார் தெரியுமா? சார்லி சாப்ளின்! ஹாலிவுட்டே பேச ஆரம்பித்த பிறகும், 1931இல் 'சிட்டி லைட்ஸ்' படத்தில் வாயைத் திறக்க மாட்டேன் என்று அடம்பிடித்தவர். அவரையும் தீர்த்துக்கட்டும் யோசனை அந்தக் கும்பலுக்கு இருந்தது. அமெரிக்காவோடு போர் மூளும் என்று கணக்கு. சாப்ளின் இங்கிலாந்துக்காரர் என்பதை யாரும் எடுத்துச் சொல்லவில்லை போலிருக்கிறது. அதற்கும் ஒரு பென்ஷி தேவைப்பட்டிருக்கும்.

அதே 1932இல், பேசும்படம் வந்து பிழைப்பு போன பென்ஷிகள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். முன்னால் நின்றவர்களில் ஒருவர் இயக்குநர் அகிரா குரோசவாவின் அண்ணன் ஹெய்கோ. மறுவருடம் தற்கொலை செய்துகொண்டார். பேச்சில்லாததுதான் பலமா என்று அவரிடம் கேட்டிருக்க வேண்டும் நீங்கள்.