மெயில் ஐடி உங்களுடையது, ஓடிபி போகிற நம்பர் யாருடையது?

புதுவண்ணாரப்பேட்டையில் 11 வருடமாக ஜெராக்ஸ், ஆன்லைன் விண்ணப்பக் கடை வைத்திருக்கிறேன். மெயில் லாகின் பற்றி நம் ஏரியாக்காரர்கள் கேட்டவற்றுக்கு இங்கே பதில் சொல்கிறேன். பெரும்பாலும் ஜிமெயில்தான் கேட்டிருக்கிறார்கள், அதை வைத்தே சொல்கிறேன்.

கொருக்குப்பேட்டை அக்கா: பையன் இன்ஜினியரிங் கவுன்சிலிங்குக்குப் பதிவு செய்தப்போ பிரவுசிங் சென்டரில் மெயில் ஐடி போட்டுக் கொடுத்தாங்க. இப்போ உள்ளே போனால் ஓடிபி அவங்க நம்பருக்குப் போகுது. என்ன செய்யலாம்?

அக்கா, இதை நாளைக்குத் தள்ளாதீர்கள். பாஸ்வேர்டு உங்களிடம் இருந்தாலும் சாவி அந்தக் கடையில்தான் இருக்கிறது. கெட்ட எண்ணத்தில் செய்திருக்க மாட்டார்கள், கூட்ட நேரத்தில் தங்கள் நம்பரைப் போட்டிருப்பார்கள். ஆரம்பத்தில் நானும் அப்படிப் போட்டுக் கொடுத்தவன்தான். ஒரு பெண் விண்ணப்பத்தின் கடைசி நாள் ராத்திரி 11 மணிக்கு ஓடிபி கேட்டு எனக்கு போன் செய்தாள். நான் தூங்கிப்போயிருந்தேன். காலையில் எழுந்து பார்த்தபோது அவளுக்கு அந்த வாய்ப்பே போய்விட்டது. இன்றைக்கும் அது மனதை உறுத்துகிறது. அதற்குப் பிறகு, வந்தவருடைய சொந்த நம்பர் இல்லாமல் யாருக்கும் ஐடி போட்டதில்லை.

பையனைக் கூட்டிக்கொண்டு அந்தக் கடைக்கே போங்கள். அங்கே ஓடிபி வாங்கி, பையனுடைய போனில் உள்ளே போகட்டும். கூகுள் கணக்கில் 'பாதுகாப்பு' பகுதியைத் திறந்து ரெகவரி நம்பரையும் ரெகவரி மெயிலையும் (கணக்குக்குள் போக முடியாவிட்டால் மீட்க உதவுகிறவை) உங்களுடையதாக மாற்றுங்கள். அப்புறம் பாஸ்வேர்டை மாற்றுங்கள். 'உங்கள் சாதனங்கள்' பட்டியலில் கடைக் கம்ப்யூட்டர் தெரிந்தால் அதையும் வெளியேற்றிவிடுங்கள். நம்பரை மாற்றினாலும் 7 நாள் வரை பழைய நம்பருக்குக் கோடு அனுப்பும் வழியை கூகுள் விட்டுவைக்கலாம். அதனால் ஒரு வாரம் கழித்து இன்னொரு முறை திறந்து பாருங்கள்.

காசிமேடு தம்பி: அண்ணே, என் பேரும் பிறந்த வருஷமும்தான் பாஸ்வேர்டு. போதுமா?

போதாது தம்பி. உன்னைத் தெரிந்த யாரும் பத்து நிமிடத்தில் அதைக் கண்டுபிடித்துவிடுவார்கள். கூகுள் கேட்பது குறைந்தது 8 எழுத்து, நீ அதோடு நிறுத்தாதே. ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாத நாலு தமிழ் வார்த்தையை ஆங்கில எழுத்தில் சேர்த்து எழுது. ஏணி, நுங்கு, மார்கழி, தையல் என்கிற மாதிரி. இதையே எடுத்துக்கொள்ளாதே, உன்னுடையதை நீயே யோசி. மெயிலுக்கு வைத்த பாஸ்வேர்டை வேறு எந்த ஆப்புக்கும் வைக்காதே. அந்த ஆப்பில் கசிந்தால் முதலில் உன் மெயிலில்தான் போட்டுப் பார்ப்பார்கள்.

மணலியிலிருந்து ஒருவர்: மாதாமாதம் பாஸ்வேர்டு மாற்ற வேண்டுமா?

வேண்டாம். அப்படி மாற்றுகிறவர்கள் கடைசியில் 1, 2, 3 என்று ஒட்டிக்கொண்டே போவார்கள். கசிந்ததாகச் சந்தேகம் வந்தால் மட்டும், உடனே மாற்றுங்கள்.

திருவொற்றியூர் ஐயா: ரெகவரிக்குக் கொடுத்த சிம் ரீசார்ஜ் செய்யாமல் போய்விட்டது. ஓடிபி வரவில்லை.

ஐயா, ரத்தான நம்பரை 90 நாளுக்குப் பிறகு கம்பெனி வேறொருவருக்குக் கொடுத்துவிடலாம். அப்போது உங்கள் கோடு முகம் தெரியாதவர் போனில் விழும். வீட்டில் ஏதாவது ஒரு போனில் அந்த மெயில் இன்னும் திறந்தே இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இருந்தால் லாக் அவுட் செய்யாமல் புது நம்பரைச் சேர்த்துவிடுங்கள். இல்லையென்றால், சிம் கம்பெனியின் கடையில் அந்த நம்பர் திரும்பக் கிடைக்குமா என்று கேளுங்கள். அதுவும் நடக்காவிட்டால் கூகுளின் கணக்கு மீட்புப் பக்கத்துக்குப் போங்கள். நீங்கள் வழக்கமாக மெயில் பார்க்கிற அதே போனில், அதே இடத்தில் இருந்து முயற்சி செய்யுங்கள், அது உதவும். பணம் கொடுத்தால் மீட்டுத் தருகிறேன் என்கிறவர்களிடம் தயவுசெய்து போகாதீர்கள்.

பெரம்பூர் தங்கை: டூ ஸ்டெப் (பாஸ்வேர்டோடு போனிலும் ஒரு முறை உறுதி கேட்பது) போடச் சொல்றாங்க. போனே தொலைந்தால்?

பயப்படாமல் போடும்மா. போட்டதும், போன் இல்லாதபோது உள்ளே போக உதவும் பேக்கப் கோடுகளை எடுத்துக்கொள். 10 கோடு வரும், ஒவ்வொன்றும் 8 இலக்கம், ஒன்றை ஒரு முறைதான் பயன்படுத்த முடியும். காகிதத்தில் பிரிண்ட் எடுத்து ரேஷன் கார்டு இருக்கிற பெட்டியில் வை. 2023 டிசம்பரில் மிக்ஜாம் வெள்ளம் வீட்டுக்குள் வந்ததை நாம் பார்த்தவர்கள், அதனால் காகிதத்தை பிளாஸ்டிக் கவரில் போட்டு, அந்தப் பெட்டியை மேல் பரணில் வை.

எம்.சி. ரோடு துணிக்கடைக்காரர்: கடை மெயிலை மூன்று பையன்கள் பார்க்கிறார்கள். ஒருவன் வேலையை விட்டுப் போய்விட்டான்.

பாஸ்வேர்டை இன்றே மாற்றி, எல்லாச் சாதனத்திலிருந்தும் வெளியேற்றுங்கள் அண்ணே. கம்ப்யூட்டரில் ஜிமெயில் செட்டிங்ஸ் போய் 'ஃபார்வர்டிங்' பகுதியையும் பாருங்கள். வரும் மெயில் எல்லாம் வேறு ஐடிக்கும் போகிற மாதிரி யாராவது வைத்திருந்தால், பாஸ்வேர்டை மாற்றினாலும் அது நிற்காது. மற்ற இருவருக்கும் இனி பாஸ்வேர்டு கொடுக்க வேண்டாம். அதே செட்டிங்ஸில் 'அக்கவுண்ட்ஸ்' பகுதியில் அவர்களுடைய சொந்த ஐடியைச் சேர்த்து அனுமதி கொடுக்கலாம். ஒருவர் போனால் அவர் பெயரை மட்டும் நீக்கினால் போதும்.

வியாசர்பாடி அம்மா: எனக்கு ஞாபகம் நிற்காது. நோட்டில் எழுதி வைப்பது தப்பா?

தப்பே இல்லை அம்மா. வீட்டில் பூட்டுகிற பீரோவில் நோட்டு இருக்கட்டும். போன் கவருக்குப் பின்னால் மட்டும் எழுதிச் செருகாதீர்கள், போன் போனால் இரண்டும் சேர்ந்து போய்விடும்.